இரண்டு கண் கமராவும் ஒரு பழைய நெகட்டிவ்வும்



சில மாதங்களுக்கு முன் கிளிநொச்சியிலிருந்து ஒரு சகோதரி எனக்குத் தொலைபேசி எடுத்தார். இந்தப் பக்கத்தை வாசிப்பவர்தான். "மிஸ், நீங்க மாவனல்லைப் பக்கம் வேலை செய்றீங்கன்னு எழுதியிருந்தீங்க. அங்க டவுன்ல பழைய ஸ்டூடியோ ஏதும் இன்னும் இருக்கா?" என்று கேட்டார்.

அவர் பிறந்தது மாவனல்லைக்கு அருகிலுள்ள ஒரு றப்பர் தோட்டத்து லயத்தில். 1977 ஆகஸ்ட் வன்செயலின் பின்னர் மலையகத் தோட்டங்களிலிருந்து எத்தனையோ குடும்பங்கள் வவுனியாவுக்கும் அதற்கு அப்பாலும் போய்ச் சேர்ந்தன அல்லவா? அவற்றில் ஒன்று இவருடையது. அப்போது இவருக்கு மூன்று வயது. தகப்பன் நேரத்தோடு இறந்துவிட, தாய் கூலி வேலை செய்து வன்னியில் பிள்ளைகளை வளர்த்தார். 2009 இல் எல்லோரும் நடந்த அந்த நடையில் இவர்களும் நடந்தார்கள். துணிகளும் பத்திரங்களும் வைத்திருந்த ட்ரங்குப் பெட்டி எங்கோ ஒரு பங்கரில் கிடந்துபோயிற்று. தாயின் அடையாள அட்டையும் அதற்குள்தான் இருந்தது. அந்த வருடமே செட்டிக்குளம் முகாமில் தாய் காலமானார்.

"அம்மாட முகம் எனக்கு ஞாபகம் இருக்கு மிஸ். ஆனா என் மகளுக்குக் காட்ட ஒரு படம் இல்ல" என்றார்.

அவரிடம் இருந்தது தாய் சொன்ன ஒரு கதை மாத்திரமே. இவர் கைக்குழந்தையாக இருந்தபோது மாமன் குடும்பம் இந்தியாவுக்குப் போயிற்றாம். பிரியுமுன் எல்லோருமாக டவுனுக்குப் போய்ப் படம் எடுத்தார்களாம். "ரெண்டு கண்ணு வச்ச பெட்டியால புடிச்சாங்க, புடிக்கிற ஆள் நம்மளப் பார்க்காம குனிஞ்சு பெட்டிக்குள்ள பார்த்தார்" என்று தாய் அடிக்கடி சொல்லிச் சிரிப்பாராம்.

நான் பல்கலைக்கழகத்தில் படித்தது சமூகவியல். கமரா பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. ஆனாலும் இந்த இரண்டு கண் பெட்டி மனதில் ஒட்டிக்கொண்டது. நகரில் விசாரித்தேன்.

மாவனல்லையைக் கொழும்பு – கண்டி வீதியில் பஸ்ஸில் கடந்தவர்கள் உங்களில் பலர் இருப்பீர்கள். மகா ஓயாவின் மேல் 1833 இல் கட்டிய செங்கல் பாலம் இன்னும் நிற்கும் ஊர். கடைத்தெருவின் உள்ளொழுங்கை ஒன்றில் பழைய ஸ்டூடியோ இருப்பதாகச் சொன்னார்கள். அறுபத்தைந்து வயதைத் தாண்டிய ஒரு நாநா அங்கே உட்கார்ந்திருந்தார். இப்போது போட்டோ கொப்பியும் லெமினேற்றிங்கும்தான் தொழில். நான் இரண்டு கண் பெட்டி என்றதும் எழுந்து உள்ளே போய், வெள்ளைத் துணியில் சுற்றிய ஒன்றைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார்.

"எங்கட வாப்பா வாங்கினது. யாஷிக்கா மற். நீங்க தேடுறது இதுதான் மகள்" என்றார்.

கறுப்புப் பெட்டி. முன்னால் ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு லென்ஸ். மேல் லென்ஸ் பார்ப்பதற்கு. கீழ் லென்ஸ் படம் பிடிப்பதற்கு. மேலே உள்ளதன் பின்னால் ஒரு கண்ணாடி சரிவாகப் பொருத்தப்பட்டு, எதிரே இருப்பதை மேல்நோக்கித் திருப்பி மங்கல் கண்ணாடித் தகட்டில் விழுத்துகிறது. பெட்டியின் மேல்மூடியைத் திறந்து, வயிற்றளவில் வைத்துக்கொண்டு, குனிந்து பார்க்க வேண்டும். நாநா என் கையில் தந்து வாசற்பக்கம் திருப்பினார். சின்னச் சதுரத்துக்குள் கடைத்தெரு முழுதும் தெரிந்தது. ஆனால் கண்டியிலிருந்து வரும் பஸ் கொழும்பிலிருந்து வருவதுபோல் ஓடியது! இடம் வலமாகவும் வலம் இடமாகவும் தெரியும்; புதிதாகப் பிடிப்பவர் ஆளைச் சதுரத்துக்குள் கொண்டுவர எதிர்ப்பக்கம் திருப்பித் தடுமாறுவாராம். நானும் தடுமாறினேன்.

இந்த வகைக் கமராவைப் பெயர் பெறச் செய்தவர்கள் ஜேர்மனியின் பிரவுன்ஷ்வைக் நகரத்தில் 1920 இல் கம்பனி தொடங்கிய பிராங்கே, ஹைடெக்கே என்ற இருவர். 1929 இல் அவர்களது ரொலிபிளெக்ஸ் வெளிவந்தது. முதலாம் உலகப் போர்க்காலத்தில், பதுங்கு குழிக்குள் தலையை மறைத்துக்கொண்டே வெளியே படம் பிடிக்கும் ஒரு கருவியைப் பற்றி ஹைடெக்கே யோசித்ததில்தான் இதன் வித்து இருக்கிறது என்று இக்கமராவின் வரலாற்றை எழுதியவர்கள் சொல்வார்கள். பங்கர் வாழ்க்கை தெரிந்த உங்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. ரொலிபிளெக்ஸ் விலை கூடிய சாமான். அதனால் யப்பானின் யாஷிக்காவும் மாமியாவும், சீனாவின் சீகல், ரஷியாவின் லுபிட்டெல் என்பனவும் அதே அமைப்பில் வந்தன. யாஷிக்கா மற் 1957 இல் வந்தது. அதன் கடைசித் தம்பியான 124ஜி 1970 முதல் 1986 வரை செய்யப்பட்டது.

இதற்குப் போடும் பிலிம் 120 என்று சொல்லப்படும். கொடாக் கம்பனி 1901 இல் கொண்டுவந்தது. இன்றைக்கும் இங்கிலாந்தின் இல்ஃபோர்ட்டும் கொடாக்கும் செய்கின்றன. முதுகில் காகிதம் ஒட்டிய பிலிம், ஒரு சுருளிலிருந்து மறு சுருளுக்கு ஓடும். ஒரு ரோலில் பன்னிரண்டே படம். ஒவ்வொன்றும் ஏறத்தாழ 6 சென்ரிமீற்றர் சதுரம். பிறகு எல்லோர் கையிலும் வந்த சின்னப் பிலிமோடு ஒப்பிட்டால் மூன்றரை மடங்குக்கும் மேல் பரப்பு. பெரிதாக இருப்பதில் என்ன நன்மை என்று கேட்டேன். முகத்திலுள்ள அம்மைத் தழும்பைக்கூட நெகட்டிவ்வின் மேலேயே பென்சிலால் தொட்டு மறைக்கலாமாம். "கல்யாணப் படமென்டா தாய்மார் அதைத்தான் முதல்ல கேப்பாங்க" என்று சிரித்தார்.

பன்னிரண்டு படம் என்பதால் வந்த கதைகளும் உண்டு. 1970 முதல் 1977 வரை இறக்குமதி இறுக்கப்பட்டிருந்த காலம். பிலிம் கிடைப்பது அருமை. ரோல் முடிந்தால்தான் கழுவலாம். ஆகவே தோட்டத்திலிருந்து வந்து படம் எடுத்தவர்கள் ரோல் முடியும்வரை காத்திருந்து, அடுத்த சம்பளத்தோடு திரும்ப வருவார்களாம். அடையாள அட்டைக்குப் படம் எடுக்கவந்த கணவனையும் மனைவியையும் பக்கத்தில் பக்கத்தில் இருத்தி ஒரே நெகட்டிவ்வில் பிடித்து, அச்சிடும்போது இரண்டாக வெட்டிக் கொடுத்ததையும் சொன்னார்.

1964 ஒக்டோபர் 30 இல் கைச்சாத்தான சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் நாடற்றவர்களாக இருந்த 9,75,000 பேரைக் கூறு போட்டது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு; மிகுதி 1,50,000 பேரை 1974 இல் பாதி பாதியாகப் பிரித்தார்கள். அது பட்டியலில் உள்ள கணக்கு. அந்தக் கணக்கில் போன ஒவ்வொரு குடும்பத்துக்கும் பாஸ்போட்டில் ஒட்டப் படம் வேண்டியிருந்தது. சின்ன நகர ஸ்டூடியோக்களின் இந்தப் பெட்டிகள்தான் அந்த முகங்களைப் பிடித்தன. பாஸ்போட் படத்துக்கு வந்தவர்கள், வந்த கையோடு போகிறவரும் இருக்கிறவரும் சேர்ந்து ஒரு குடும்பப் படமும் எடுப்பார்களாம். "சிரிங்கன்னு வாப்பா சொல்ல மாட்டார். அழுதுகொண்டு வாறவங்களுக்கு என்னத்தச் சொல்ற" என்றார் நாநா.

கமராவுக்குத் துணையான சாமான்களை ஒரு பிஸ்கட் டின்னுக்குள் போட்டு வைத்திருந்தார். வெயில் நேரே விழாமல் மறைக்கும் தகரக் குடை. வெள்ளையாகிப் போகும் வானத்தில் முகில் தெரிவதற்கான மஞ்சள் பில்ட்டர். கை நடுங்காமல் அமத்துவதற்கான கேபிள். பல்ப் போட்டு அடிக்கும் பிளாஷ். வெளிச்சம் அளக்கும் மீற்றர் ஒன்று. பற்றரி இல்லாமல் வெளிச்சத்திலேயே வேலை செய்யும் பழைய வகை, இப்போது ஊசி அசைவதில்லை. தோல் உறையும் இருந்தது, ஆனால் கமராவை அதற்குள் வைப்பதில்லை. நமது சப்ரகமுவ ஈரத்தில் தோல் பூஞ்சணம் பிடிக்கும், அது லென்ஸுக்கும் ஏறும். அந்தக் கமராவின் மேல் லென்ஸிலும் சிலந்தி வலைபோல ஒரு படலம் இருந்தது. படம் பிடிக்கும் கீழ்க் கண் தப்பிவிட்டது.

அந்த டின்னில் என்னைக் கவர்ந்தது கிட்டத்துப் படத்துக்கான லென்ஸ் சோடி. இரண்டு கண் கமராவில் ஒரு சங்கடம் உண்டு: பார்ப்பது மேல் கண், பிடிப்பது கீழ்க் கண். தூரத்தில் பிரச்சினை இல்லை. கிட்டப் போனால் நாம் பார்த்த தலை படத்தில் வெட்டுப்பட்டுவிடும். இந்தச் சோடியில் மேலே பூட்டும் லென்ஸ் பார்வையைச் சற்றுக் கீழ்நோக்கித் திருப்பி அந்த வித்தியாசத்தைச் சரிசெய்கிறது. மாமியா கம்பனி வேறு வழி கண்டது: முக்காலிக்கும் கமராவுக்கும் நடுவில் ஒரு சின்னத் தூக்கி, இரண்டு லென்ஸுக்கும் இடைப்பட்ட அளவு கமராவை உயர்த்திவிடும். எதற்கு இவ்வளவு கிட்டப் போக வேண்டும் என்றேன். "செத்தவங்கட படத்துக்கு" என்றார். அடையாள அட்டையிலோ பழைய குறூப் படத்திலோ உள்ள ஒரு முகத்தை மட்டும் எடுத்துப் பெரிதாக்கிக் கேட்டு வருவார்கள். பெரும்பாலும் வருவது பெண்கள்தானாம்.

இந்தக் கமராவைக் கையில் எடுத்த பெண்களும் இருந்திருக்கிறார்கள். இந்தியாவின் முதற் பெண் பத்திரிகைப் படப்பிடிப்பாளர் என்று சொல்லப்படும் ஹோமாய் வியாரவாலா 1913 இல் குஜராத்தின் நவ்சாரியில் பிறந்தவர். ஆரம்பத்தில் அவரது படங்கள் கணவரின் பெயரிலேயே அச்சாகின. பிறகு டில்லியில் சேலை உடுத்திச் சைக்கிளில் போய், ரொலிபிளெக்ஸும் வேறு கமராக்களுமாக, சுதந்திரத்தையும் காந்தியின் இறுதி ஊர்வலத்தையும் பிடித்தார். 1970 இல் தொழிலை விட்டார். 2011 இல்தான் பத்மவிபூஷண் வந்தது. அடுத்த வருடம் காலமானார். அமெரிக்காவின் சிக்காகோவில் வீடுகளில் பிள்ளை பார்க்கும் வேலை செய்த விவியன் மையர் என்பவரும் ரொலிபிளெக்ஸைக் கழுத்தில் மாட்டித் தெருவெல்லாம் படம் பிடித்தார். ஒருவருக்கும் காட்டவில்லை. 2007 இல் அவர் வாடகைக்கு வைத்திருந்த பெட்டிகள் ஏலத்தில் போனபோதுதான் ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்ட நெகட்டிவ்கள் உலகத்துக்குத் தெரியவந்தன. பிள்ளை பார்ப்பவளுக்கு இது எதற்கு என்று யாரும் கேட்கும் இடம் வைக்காமல் அவர் பேசாமல் பிடித்ததை நினைத்தால் எனக்குப் பொறாமையாகவே இருக்கிறது.

சரி, நமது சகோதரியின் படம்.

அந்த ஸ்டூடியோவில் நெகட்டிவ்களை எறிவதில்லை. காகித உறைகளில் இலக்கம் போட்டு, வருட வாரியாக மரப்பெட்டிகளில் அடுக்கியிருந்தார்கள். 2001 மே மாதத்தில் இந்த நகரில் முஸ்லிம்களின் கடைகள் எரிக்கப்பட்டபோது இந்தப் பெட்டிகள் உறவினர் வீட்டில் இருந்ததால் தப்பினவாம். அதைப் பற்றி அவர் மேலே ஒன்றும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. இலக்கங்களுக்குப் பதிவேடுகள் உண்டு. சகோதரி தாயின் பெயரையும் பாட்டியின் பெயரையும் சொல்லியிருந்தார். அவற்றோடு 1974, 1975 பதிவேடுகளைப் புரட்டினேன்.

ஒரு பெண்ணின் பெயரும் இல்லை, சகோதரிகளே. தோட்டத்தின் பெயர், கங்காணியின் பெயர் அல்லது குடும்பத்து ஆணின் பெயர், எத்தனை பிரதி, எவ்வளவு முற்பணம். அவ்வளவுதான். மலைச்சரிவில் பால் வெட்டி அந்தப் படத்துக்குக் காசு சேர்த்தவள் அவளாக இருக்கலாம். ஏட்டில் அவள் இல்லை. செக்ரோலில் மட்டும் பெயர் இருக்கும், அதுவும் சம்பளம் வெட்டுவதற்கு. இதை எழுதும்போது எனக்குக் கோபம் வருகிறது. நாநாவின் மீது அல்ல, அவருடைய வாப்பாவின் மீதும் அல்ல.

சகோதரிக்கு மாமனின் வீட்டுப் பெயர்தான் தெரியும், பதிவுப் பெயர் தெரியாது. கடைசியில் கைகொடுத்தது ஓரக் குறிப்பு. போகிறவர்களின் படங்களுக்கு நேரே "இந்தியா" என்று வாப்பா சின்னதாக எழுதி வைத்திருந்தார். அந்தத் தோட்டத்தின் பெயரோடு அப்படி மூன்று உறைகள். இரண்டு பின்னேரங்கள் தேடி மூன்றையும் எடுத்தோம்.

யன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால் முகங்கள் கறுப்பு, தலைமயிர் வெள்ளை. யார் யாரென்று யாருக்குத் தெரியும்? அப்போது நாநாவின் மருமகன் ஒரு வேலை செய்தார். கைத்தொலைபேசி ஒன்றின் திரையை வெறும் வெள்ளையாக்கிக் கிடத்தி, அதற்குச் சற்று மேலே நெகட்டிவ்வைப் பிடித்து, மற்றத் தொலைபேசியால் படம் எடுத்து, நிறத்தைத் தலைகீழாக்கினார். கண்முன்னே முகங்கள் வந்தன. உங்கள் வீட்டிலும் நெகட்டிவ் இருந்தால் இதைச் செய்து பார்க்கலாம். பளபளப்பான பக்கம் உங்களைப் பார்க்க வேண்டும். அப்போதுதான் ஓரத்திலுள்ள எழுத்துகள் நேராகத் தெரியும், படமும் இடம் வலம் மாறாது. சந்தேகம் வந்தால் சேலை முந்தானையைப் பாருங்கள், இடது தோளில் இருக்கிறதா என்று.

முடிவைச் சொல்லுமுன் இரண்டொரு விடயம் சொல்லிவிடுகிறேன், பலர் கேட்டிருந்ததால்.

காணாமற்போனவரைத் தேடும் எத்தனையோ தாய்மார் கையிலிருந்த ஒரே படத்தை எங்கெங்கோ அலுவலகங்களில் கொடுத்துவிட்டுத் திரும்பப் பெறாமல் இருப்பதை நான் நேரில் கண்டிருக்கிறேன். மூலப்படத்தை யாருக்கும் கொடுக்காதீர்கள். கேட்பவர் எவ்வளவு பெரிய உத்தியோகத்தரானாலும் பிரதிதான். பிரதி எடுக்கக் காசில்லையென்றால் தொலைபேசியில் படம் பிடித்து, தூர இருக்கும் ஓர் உறவினருக்கும் அனுப்பி வையுங்கள். ஒரே வீட்டில் இருந்தால் ஒன்றாகவே போகும். 2016 மே 17 அன்று எங்கள் அயலில் அரநாயக்கவில் மலை சரிந்தபோது வீடுகளோடு அப்படித்தான் எல்லாம் போயிற்று.

வெள்ளத்தில் நனைந்த பழைய படங்களும் நெகட்டிவ்களும் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டால் பிய்க்க வேண்டாம். சுத்தமான குளிர்ந்த தண்ணீரில் கிடக்கவிட்டால் தாமாகப் பிரியும்; பிறகு மெல்ல அலசி, மூலையில் கிளிப் போட்டு நிழலில் தொங்கவிடுங்கள். வெயிலில் போட்டால் சுருளும். கண்ணாடிச் சட்டத்தோடு ஒட்டிப்போன படத்தையும் இழுக்காதீர்கள். கண்ணாடியோடு சேர்த்தே படம் பிடித்துக்கொள்ளுங்கள். இதெல்லாம் பழைய ஸ்டூடியோப் படங்களுக்கு. இன்றைய கொம்பியூட்டர் பிரின்ட்டைத் தண்ணீரில் போட்டால் மை கரைந்துவிடும். நெகட்டிவ்வை ஓரத்தில் மட்டும் பிடிக்க வேண்டும், காகித உறையில் வைக்க வேண்டும், பொலித்தீனில் வேண்டாம், வேர்த்துப்போகும். கறுப்பு வெள்ளை நெகட்டிவ் நன்றாகக் கழுவியிருந்தால் நம்மையும்விட நாள் இருக்கும்.

இன்னொன்று. புதுச்சேரியிலுள்ள பிரெஞ்சு நிறுவனம் தமிழ்நாட்டு ஸ்டூடியோக்களின் பழைய படங்களைத் தேடிப் பிரதியெடுத்து வைத்திருக்கிறது. பிரித்தானிய நூலகத்தின் ஒரு திட்டம் அதற்கு உதவியது. நமது மலையகத்து நகரங்களிலும் இப்படி மரப்பெட்டிகள் கிடக்கும். மூடிய கடைகளில் கறையான் தின்றுகொண்டிருக்கும். பல்கலைக்கழகத்தில் படிக்கும் நமது பிள்ளைகள் யாராவது இதைக் கையிலெடுக்க வேண்டும். யார் பெயரும் இல்லாத அந்த முகங்களை அடையாளம் காட்டக்கூடிய பாட்டிமார் இன்னும் எத்தனை நாள் இருக்கப் போகிறார்கள்?

மூன்று படங்களையும் அன்று பின்னேரமே சகோதரிக்கு அனுப்பினேன். முதலாவதற்கு "இது இல்ல மிஸ்" என்று உடனே பதில் வந்தது. இரண்டாவதற்கு வெகு நேரம் பதிலே இல்லை. இரவு எட்டு மணிபோல அழைப்பு வந்தது. கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார்.

"மிஸ், வலது பக்கம் கடைசியில குந்தியிருக்கிறது அம்மா. மூக்குத்தி தெரியுது. மடியில முகமே இல்லாம ஒரு பிள்ளை இருக்கே, அது நான்தான்."

உள்ளே வெளிச்சம் போதாது, ஆகவே ஷட்டரை மெதுவாகத் திறந்து வைத்துப் பிடித்திருக்கிறார்கள். பெரியவர்கள் மூச்சடக்கி இருந்தார்கள், குழந்தை தலையைத் திருப்பிவிட்டது. மறுநாள் இதைச் சொன்னபோது நாநா, "அந்தக் காலத்தில சின்னப் பிள்ளையென்டா வாப்பா ரெண்டு தரம் பிடிப்பார். பிலிம் இல்லாத வருஷம், ஒன்டோட விட்டிருக்கார்" என்று தன் பிழைபோல வருத்தப்பட்டார்.

அவரது இருட்டறை மூடிப் பல வருடம். நெகட்டிவ்வைக் கண்டிக்கு அனுப்பி ஸ்கேன் செய்வித்து, தாயின் முகத்தைத் தனியாகவும் குடும்பமாகவும் அச்சிட்டு, தபாலில் அனுப்பினோம். நாநா காசு வாங்கவில்லை. படம் கிடைத்த அன்று சகோதரி இன்னொரு தரம் அழைத்தார். "அந்தக் கொப்பியில அம்மாட பேர் இல்லன்னு சொன்னீங்களே. எழுதச் சொல்லுவீங்களா?"

போய்ச் சொன்னேன். நாநா 1975 ஆம் வருடத்துப் பதிவேட்டை எடுத்து, கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, "எப்படி எழுதுற, சொல்லுங்க மகள்" என்று பேனாவைத் திறந்தார்.